மரத்தைத் தின்னும் மட்டிகள்

ஈரமணலிலிருந்து தோண்டியெடுக்கப்படும் ஒரு மட்டியின் உடலமைப்பே அதன் வாழ்க்கைமுறையை ஏறத்தாழ முழுமையாகச் சொல்லிவிடுகிறது. கீலால் இணைந்த இரண்டு ஓடுகள் மென்மையான உடலை முழுதும் மூடியிருக்கின்றன. நீரை உள்ளிழுக்கவும் வெளியேற்றவும் இரண்டு குழல்கள் மட்டும் வெளியே நீள்கின்றன. உள்ளே வரும் நீரில் மிதக்கும் நுண்ணிய உயிர்களைச் செவுள்கள் சலித்தெடுத்து உணவாக்குகின்றன. இருவோட்டு மெல்லுடலிகள் என்று உயிரியலார் வகைப்படுத்தும் மட்டி, முத்துச்சிப்பி, ஆளி ஆகிய எல்லாவற்றுக்கும் சிற்சில மாற்றங்களுடன் இதுவே பொது அமைப்பு. இந்த அமைப்பிலிருந்து மிகத் தொலைவு விலகிச் சென்ற குடும்பம் ஒன்று உண்டு. டெரிடினிடே என்னும் அறிவியற்பெயர் கொண்ட அக்குடும்பத்தில் ஏறத்தாழ 70 இனங்கள் அறியப்பட்டுள்ளன. அவற்றுள் மிகப் பெரும்பாலானவை கடலிலோ கழிமுகத்தின் உவர்நீரிலோ கிடக்கும் மரத்தைத் துளைத்து, அதனுள்ளேயே வாழ்ந்து, அந்த மரத்தையே உண்டு, அங்கேயே இறந்தும் போகின்றன.

வளர்ந்த விலங்கு வெளிறிய நிறமுள்ள நீண்ட புழுவைப் போலத் தோன்றுவதாலும், மரக்கப்பல்களின் அடிப்பகுதியில் முதன்மையாகக் கவனிக்கப்பட்டதாலும் அதற்குக் கப்பற்புழு என்ற பெயர் நிலைத்துவிட்டது. ஆனால் புழுக்களோடு அதற்கு எவ்வித உறவும் இல்லை. உடலின் முன்முனையில் மிகச் சிறியனவாக ஒட்டியிருக்கும் இரண்டு வெண்ணிற ஓடுகளும், உடலின் உள்ளே நீண்டு கிடக்கும் செவுள்களும், பின்முனையிலுள்ள இரண்டு நீர்க்குழல்களும், இளமைப்பருவத்தில் உடல் முழுவதையும் மூடியிருக்கும் இரட்டையோடும் அது மட்டிகளின் இனத்தைச் சேர்ந்தது என்பதை ஐயத்துக்கிடமின்றிக் காட்டுகின்றன. மற்ற மட்டிகளுக்குக் காப்பாக இருக்கும் ஓடு இங்கே காப்பு என்னும் பணியையே துறந்து கருவியாக மாறிவிட்டது. காப்பை மரம் அளிக்கிறது. இந்த ஒரு மாற்றத்திலிருந்துதான் இக்குடும்பத்தின் மற்றெல்லா விந்தைகளும் கிளைக்கின்றன என்று சொல்லலாம்.

ஒவ்வோர் ஓட்டின் முன்பகுதியிலும் மெல்லிய வரம்புகள் வரிசை வரிசையாக அமைந்துள்ளன. அவ்வரம்புகளின் விளிம்பில் நுண்ணிய பற்கள் இருக்கின்றன. துளையின் உள்முனையை விலங்கு தன் குறுகிய பாதத்தால் உறிஞ்சிப் பற்றிக்கொள்ள, ஓடுகளை இணைக்கும் முன்தசையும் பின்தசையும் மாறி மாறிச் சுருங்குகின்றன. மேலும் கீழும் உள்ள இரண்டு குமிழ்களை அச்சாகக் கொண்டு ஓடுகள் அசையும்போது அந்தப் பற்கள் மரத்தை அராவுகின்றன. சிறிது அராவியதும் உடல் சற்றே திரும்பிக்கொண்டு மீண்டும் அராவுவதால் துளை எப்போதும் வட்டமாக அமைகிறது. அராவிய மரத்தூள் வீணாவதில்லை. அது வாய்வழியே உள்ளே செல்கிறது. விலங்கு வளர வளரத் துளையின் சுவருக்குச் சுண்ணாம்புப் பூச்சொன்றையும் பூசிக்கொண்டே செல்கிறது. பொதுவாக மரத்தின் நார்களை ஒட்டியே துளை நீள்கிறது. பக்கத்தில் இன்னொரு துளை வந்துவிட்டால் அதை உடைத்துப் புகாமல் விலகி வளைந்துகொள்கிறது. நூற்றுக்கணக்கானவை ஒரே கட்டையில் நெருங்கி வாழும்போதும் ஒன்றன் அறை மற்றொன்றின் அறையோடு கலப்பதில்லை என்பது இவ்விலங்கு அண்டையிலுள்ளதை ஏதோ ஒரு வகையில் உணர்கிறது என்பதைக் காட்டுகிறது.

விலங்கு மரத்தினுள் புகும்போது அதன் அளவு ஒரு மில்லிமீட்டரின் சிறு பகுதியே. உள்ளே சென்றபின் அது வளர்ந்து, துளையும் அகன்று, இனத்துக்கு ஏற்ப ஒரு சாண் முதல் ஒரு மீட்டருக்கு மேலும் நீண்டாலும், புகுந்த வாயில் மட்டும் குண்டூசித் தலையளவாகவே நின்றுவிடுகிறது. அந்தச் சிறு வாயில் வழியாகவே இரண்டு நீர்க்குழல்களும் வெளியே நீண்டு, மூச்சுக்கான நீரை உள்ளே இழுத்து, கழிவையும் இனப்பெருக்க அணுக்களையும் வெளியே விடுகின்றன. ஆகவே வெளியிலிருந்து பார்ப்பவருக்குச் சில ஊசித்துளைகளன்றி வேறெதுவும் தெரியாத பலகை, அறுத்துப் பார்த்தால் தேனடையைப் போல வெறும் அறைகளாக இருக்கும். துறைமுகத் தூண்களும் கப்பலின் அடிப்பலகைகளும் முன்னறிவிப்பின்றி முறிந்ததற்குக் காரணம் இதுவே.

வாயிலை ஒட்டி, நீர்க்குழல்களின் அடியில், இரண்டு சுண்ணாம்புத் தகடுகள் உள்ளன. ஆபத்தின்போது குழல்களை உள்ளிழுத்துக்கொண்டு இத்தகடுகளால் விலங்கு வாயிலை இறுக அடைத்துவிடுகிறது. நன்னீர் வெள்ளம் வந்தாலும், மரம் நீருக்கு வெளியே சிலகாலம் கிடந்தாலும், உடலில் சேமித்த கிளைக்கோஜன் என்னும் மாவுப்பொருளை ஆக்சிஜன் இன்றியே செலவிட்டு உயிர்தாங்கும் ஆற்றல் அதற்கு உண்டு. டெரிடோ நவாலிஸ் என்னும் பரவலான இனம் இப்படி ஏறத்தாழ ஆறு வாரம் வரை தாக்குப்பிடிக்கும். ஓடுகள் எல்லா இனங்களிலும் ஏறக்குறைய ஒன்றுபோலவே இருக்க, இத்தகடுகளோ டெரிடோ பேரினத்தில் துடுப்பு வடிவிலும் பாங்கியா பேரினத்தில் இறகு வடிவிலும் என வேறுபடுவதால், இனங்களைப் பிரித்தறிய அறிவியலார் இவற்றையே பெரிதும் நம்புகின்றனர். ஹார்வர்டு பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ரூத் டர்னர் 1966ஆம் ஆண்டு வெளியிட்ட படவிளக்கப் பட்டியல் குழம்பிக் கிடந்த நூற்றுக்கணக்கான பெயர்களை ஒழுங்குபடுத்தியது. இன்றளவும் இத்துறையில் நுழைபவர்கள் அந்நூலிலிருந்தே தொடங்குகின்றனர்.

மரத்தைத் துளைப்பதைவிட அதைச் செரிப்பது மிகக் கடினமான செயல். மரம் பெரும்பாலும் செல்லுலோஸ், அரைச்செல்லுலோஸ், லிக்னின் ஆகிய மூன்று பொருள்களால் ஆனது. செல்லுலோஸ் என்பது சர்க்கரை மூலக்கூறுகள் நீண்ட சங்கிலியாகக் கோக்கப்பட்ட பொருள்; லிக்னின் அச்சங்கிலிகளைப் பிணைத்து இறுக்கும் கடினமான பொருள். இவற்றை உடைப்பதற்கு வேண்டிய நொதிகளை, அதாவது வேதிமாற்றத்தை விரைவுபடுத்தும் புரதங்களை, போதிய அளவில் தாமே உண்டாக்கும் விலங்குகள் மிகச் சில. இதனினும் பெரிய இடர்ப்பாடு ஒன்று உண்டு. உடலின் புரதங்களைக் கட்டுவதற்கு நைட்ரஜன் தேவை. மரத்திலோ நைட்ரஜன் மிக மிகக் குறைவு. மரத்தை மட்டுமே உண்ணும் விலங்குக்குச் சர்க்கரை ஏராளமாகக் கிடைக்கும், தசையை வளர்க்கும் பொருள் கிடைக்காது.

இவ்விரண்டு இடர்களுக்கும் விடை செவுளில் இருந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிரெஞ்சு இயற்கையியலாளர் தெஹாயின் பெயரால் அறியப்படும் ஒரு சுரப்பித்திசு கப்பற்புழுவின் செவுளில் உள்ளது. அதன் உயிரணுக்களுக்குள் பாக்டீரியாக்கள் நெருங்கிக் குடியிருக்கின்றன. ரூத் டர்னரும் அவருடன் உழைத்த வாட்டர்பரி, கால்லோவே ஆகியோரும் 1983ஆம் ஆண்டு அந்தப் பாக்டீரியாவைத் தனியே பிரித்து வளர்த்துக் காட்டினர். செல்லுலோசை உடைப்பது, நீரில் கரைந்துள்ள நைட்ரஜன் வாயுவைப் பிடித்து உயிர்ப்பொருளாக மாற்றுவது என்னும் இரண்டு வேலைகளையும் அந்த ஒரே உயிரி செய்தது. 2002ஆம் ஆண்டு அதற்கு டெரிடினிபாக்டர் டர்னரே என்று டர்னரின் நினைவாகப் பெயரிடப்பட்டது. பின்னர் 2007இல் வெளியான ஓர் ஆய்வு, நைட்ரஜனின் கனமான ஐசோடோப்பு ஒன்றை அடையாளமாகப் பயன்படுத்தி, பாக்டீரியா பிடித்த நைட்ரஜன் உண்மையிலேயே மட்டியின் உடற்புரதங்களில் சென்று சேர்வதை உறுதிசெய்தது. அவரையினச் செடிகளின் வேர்முடிச்சுகளில் நிகழும் அதே வினை, கடலடியில் ஒரு மட்டியின் செவுளிலும் நிகழ்கிறது.

இங்கே கவனிக்கவேண்டியது பாக்டீரியாக்களின் இருப்பிடம். கறையானிலும் பசுவிலும் செரிமானத்துக்கு உதவும் நுண்ணுயிர்கள் உணவு தங்கும் குடலிலோ இரைப்பையிலோ வாழ்கின்றன. அதனால் உடையும் சர்க்கரையில் முதற்பங்கை அவையே எடுத்துக்கொண்டு, எஞ்சியதையும் தம் கழிவையும் விலங்குக்கு விடுகின்றன. கப்பற்புழுவில் மரத்தூள் தங்குவது சீக்கம் எனப்படும் பெரிய குடற்பையில். பாக்டீரியா வாழ்வதோ தொலைவிலுள்ள செவுளில். பாங்கியா செடேசியா என்னும் வட பசிபிக் இனத்தை ஆராய்ந்து 2014ஆம் ஆண்டு வெளியிடப்பட்ட முடிவுகளின்படி, செவுளிலுள்ள பாக்டீரியாக்கள் ஆக்கும் நொதிகளுள் மரத்தை உடைப்பதற்கு ஏற்ற சில மட்டும் குடற்பைக்கு வந்துசேர்கின்றன. குடற்பையிலோ நுண்ணுயிர்கள் மிக அரிதாகவே உள்ளன. ஆகவே அங்கே உடையும் சர்க்கரையில் பங்குகேட்க யாருமில்லை. எல்லாம் மட்டிக்கே சேர்கிறது. இதே செவுட் பாக்டீரியாக்கள் டார்ட்ரோலான் என்னும் நுண்ணுயிர்க்கொல்லியையும் உண்டாக்குகின்றன என்று 2013இல் தெரியவந்தது. குடற்பையைத் தூய்மையாக வைத்திருப்பதில் இத்தகைய பொருள்களுக்குப் பங்கிருக்கலாம் என்பது ஆய்வாளர்களின் கருத்து. மரக்கழிவிலிருந்து எரிபொருள் எடுக்க முயலும் தொழில்துறையினர் இத்தகைய நொதிகளைத் தேடி இந்தச் செவுளை ஆராய்வது இயல்பானதே.

வீடும் உணவும் ஒன்றேயாக இருப்பதில் ஒரு கொடிய வரம்பும் அடங்கியுள்ளது. புகுந்த கட்டையை விட்டு வேறொன்றுக்கு மாற வளர்ந்த விலங்கால் இயலாது. நெருக்கம் மிகுந்தால் அது குட்டையாகவே நின்றுவிடும். கட்டை தீர்ந்தால் வாழ்வும் தீர்ந்தது. எனவே கட்டை உடைவதற்கு முன் அடுத்த தலைமுறையைக் கடலில் விட்டாகவேண்டும். பல இனங்கள் ஆணாகத் தொடங்கி, வளர்ந்தபின் பெண்ணாக மாறுகின்றன. புகுந்த சில வாரங்களிலேயே இனப்பெருக்கத்துக்கு ஆயத்தமாகிவிடுகின்றன. பாங்கியா இனங்கள் முட்டைகளையும் விந்தணுக்களையும் நீரில் விடுகின்றன. அவற்றுள் சில, அருகிலுள்ள துளையின் குழலுக்குள் தம் குழலை நீட்டி விந்தைச் செலுத்துவதும் காணப்பட்டுள்ளது. டெரிடோ நவாலிஸ் தன் செவுளுக்குள் கருவைக் காத்து, நீந்தும் இளவுயிரியான லார்வாக்களைப் பத்து இலட்சத்துக்கும் மேற்பட்ட எண்ணிக்கையில் வெளியிடுகிறது. இரண்டு மூன்று வாரங்கள் மிதந்து திரியும் அவற்றுள் மரத்தை எட்டுபவை மிகச் சிலவே. லைரோடஸ் பெடிசெல்லாட்டஸ் மாறான வழியைக் கைக்கொள்கிறது: எண்ணிக்கையைக் குறைத்து, நெடுநாள் செவுளில் வளர்த்து, வெளிவந்த உடனேயே மரத்தில் புகும் பருவத்தில் விடுகிறது. ருசியாவின் தூரக்கிழக்கிலும் சப்பானிலும் கடற்புற்களின் வேர்த்தண்டில் வாழும் சாக்சியா இனத்திலோ, பெண்ணின் உடலுக்குள்ளேயே மிகச் சிறிய குள்ள ஆண்கள் குடியிருக்கின்றன.

மனித வரலாற்றில் இக்குடும்பம் விளைத்த சேதங்கள் பெரும்பாலும் நீரின் உப்பளவோடு தொடர்புடையவை. கொலம்பஸின் நான்காம் பயணத்தில் துளைத்துச் சல்லடையாக்கப்பட்ட கப்பல்களை 1503ஆம் ஆண்டு ஜமைக்காவின் கரையில் ஏற்றிவிட்டு, அவரும் அவருடைய மாலுமிகளும் ஓராண்டுக் காலம் அங்கேயே தங்க நேர்ந்தது வெப்பக்கடலின் வழக்கமான கதைதான். நெதர்லாந்தில் 1730க்குப் பின் நேர்ந்ததோ ஒரு நாட்டையே நடுங்கவைத்தது. கடல்மட்டத்துக்குத் தாழ்ந்த நிலத்தைக் காக்கும் கரைகளின் முன்னால் நடப்பட்டிருந்த மரத்தூண்கள் உள்ளே அரிக்கப்பட்டுப் புயலில் முறியத் தொடங்கின. தெய்வத் தண்டனை என்று அஞ்சிய மக்கள் பொது வழிபாடுகள் நடத்தினர். அதே வேளையில் 1733இல் கோட்பிரீட் செல்லியஸ் வெளியிட்ட நூல் இவ்விலங்கு மெல்லுடலி என்பதை உடற்கூற்றின் வழியே எடுத்துரைத்தது. கரைகளின் சரிவுகளுக்கு வெளிநாட்டிலிருந்து கல் வருவித்துப் போர்த்தும் முறையே இறுதியில் நிலைபெற்றது. நெதர்லாந்துக் கடற்கரையின் இன்றைய கல்தோற்றத்துக்கு ஒரு மட்டியும் காரணம்.

சான் பிரான்சிஸ்கோ விரிகுடாவில் 1919 முதல் 1921 வரை நிகழ்ந்தது உப்பளவின் பங்கை இன்னும் தெளிவாக விளக்குகிறது. அங்கே இயற்கையாக வாழ்ந்த பாங்கியா செடேசியாவுக்கு உப்பு மிகுந்த நீர் வேண்டும். அதனால் ஆற்றுநீர் கலக்கும் வடபகுதியில் காப்பற்ற மரத்தூண்களின்மேல் துறைகளைக் கட்டுவது பாதுகாப்பானதாகவே இருந்தது. குறைந்த உப்பையும் தாங்கவல்ல டெரிடோ நவாலிஸ் வந்து சேர்ந்தபோது, மழை குறைந்த ஆண்டுகளில் ஆற்றுநீர் சுருங்கி உப்பும் ஏறியது; துறைகளும் கிடங்குகளும் ஒன்றன்பின் ஒன்றாக நீரில் சரிந்தன. இதற்கு நேரெதிரான சான்று பால்டிக் கடலில் உள்ளது. அதன் உட்பகுதி நீர் கப்பற்புழுக்கள் வாழ இயலாத அளவுக்கு உப்புக் குறைந்தது என்பதாலேயே, 1628இல் ஸ்டாக்ஹோமில் மூழ்கிய வாசா என்னும் போர்க்கப்பலை 1961இல் ஏறக்குறைய முழு உருவத்துடன் மேலே கொண்டுவர முடிந்தது.

காப்பு முறைகள் பலவாக வளர்ந்தன. இந்தியப் பெருங்கடற்பகுதியின் கப்பல்கட்டுவோர் சுண்ணாம்பையும் எண்ணெயையும் குழைத்து அடிப்பலகையில் பூசினர்; பிரித்தானியக் கடற்படை 1761இல் அலாரம் என்னும் கப்பலின் அடிக்குச் செப்புத் தகடு போர்த்திப் பார்த்து, பின்னர் அதைப் பொதுவழக்காக்கியது. தமிழகக் கடற்கரையில் கட்டுமரத்தைக் கடலிலிருந்து மீண்டதும் கரையேற்றி, கட்டவிழ்த்து உலர்த்தும் வழக்கம் மிதக்கும் திறனைக் காப்பதற்காக எழுந்தது எனினும், இளவுயிரிகள் மரத்தில் நிலைகொள்ள அது இடமளிக்கவில்லை. எதிரியை ஆசானாகக் கொண்டவர்களும் உண்டு: பொறியாளர் மார்க் பிரூனல் 1818இல் காப்புரிமை பெற்ற சுரங்கக்கேடயம், முன்னே அகழ்ந்துகொண்டே பின்னே சுவர்கட்டும் இம்மட்டியின் முறையைப் பார்த்து எழுந்தது என்பர்; அக்கருவி கொண்டு அகழப்பட்ட தேம்ஸ் ஆற்றடிச் சுரங்கம் 1843இல் திறக்கப்பட்டது.

கப்பலையும் துறைமுகத்தையும் வைத்தே இவ்விலங்கை அளப்பது அதற்கு நீதியாகாது. மனிதன் கப்பல் கட்டுவதற்குப் பல கோடி ஆண்டுகளுக்கு முன்பிருந்தே ஆறுகள் மரங்களைக் கடலுக்கு அடித்துவந்தன. அவற்றைச் சிதைத்து மீண்டும் உயிர்ச்சுழற்சியில் சேர்க்கும் பணி இக்குடும்பத்தின் பங்காக இருந்துவருகிறது. பிச்சாவரம், முத்துப்பேட்டை போன்ற அலையாத்திக் காடுகளின் நீர்வாய்களில் விழும் மரங்களை எண்ணிப்பார்த்தால் இப்பணியின் அளவு விளங்கும். அலையேற்றத்தில் மூழ்கும் கட்டைகளில் பூஞ்சைகளின் சிதைப்பு மந்தமாகிவிட, அங்கே முதன்மையாக உழைப்பவை மரந்துளைக்கும் மட்டிகளே. அவை இறந்தபின் திறந்துகிடக்கும் துளைகள் சிறுமீன்களுக்கும் நண்டுகளுக்கும் பிற உயிர்களுக்கும் மறைவான, குளிர்ந்த புகலிடமாகின்றன என்பதை இந்தோனேசியாவின் அலையாத்திக் காடுகளில் நடந்த ஆய்வுகள் காட்டியுள்ளன. மரமே இல்லாத அண்டார்க்டிகக் கடலில் இத்தகைய துளைப்பான்களும் இல்லை. 1915இல் அங்கே மூழ்கிய எண்டூரன்ஸ் என்னும் கப்பல் 2022இல் ஏறத்தாழ 3,000 மீட்டர் ஆழத்தில் சிதையாமல் காணப்பட்டது அதனாலேயே.

பிலிப்பைன்ஸின் பலவான் தீவில் அலையாத்திக் கட்டைகளைப் பிளந்து எடுக்கப்படும் இம்மட்டிகள் தமிலோக் என்ற பெயரில் காடியில் ஊறவைத்துப் பச்சையாகவே உண்ணப்படுகின்றன. பிரேசிலின் அமேசான் கழிமுகத்தில் டுரு என்ற பெயரில் இவை சாறாகின்றன. கட்டையில் வளர்த்து உணவாக்கும் முயற்சியை 2023இல் அறிவித்த பிரித்தானிய ஆய்வாளர்கள், வைட்டமின் பி12 இவற்றில் நீல ஆளியைவிட மிகுதி என்று கண்டனர். ஓடு வளர்க்க ஆற்றலைச் செலவிடாததால் இவை வேகமாக வளர்கின்றன என்பதே அம்முயற்சிக்கு அடிப்படை.

மரத்தை விட்டு விலகிய இனங்களும் இக்குடும்பத்தில் உண்டு. பிலிப்பைன்ஸின் போகோல் தீவிலுள்ள அபாதான் ஆற்றின் நன்னீரில் சுண்ணாம்புப்பாறையைத் துளைத்து வாழும் லித்தோரிடோ அபாதானிகா 2019இல் விவரிக்கப்பட்டது. மரத்தூளைத் தேக்கும் குடற்பை அதற்கு இல்லை. விழுங்கும் பாறையை அது நுண்மணலாக வெளியேற்றுகிறது.

அதனினும் வியப்பூட்டுவது குஃபஸ் பாலித்தலாமியஸ். ஒன்றரை மீட்டர் வரை நீளும் அதன் வெற்றுச் சுண்ணாம்புக் குழாய்கள் பதினெட்டாம் நூற்றாண்டிலிருந்தே அருங்காட்சியகங்களில் இருந்தன. ஆயினும் உயிருடன் கிடைத்த விலங்கை ஆராய்ந்து முழுமையாக விவரித்த கட்டுரை 2017இல்தான் வெளிவந்தது. மின்டனாவோ தீவின் ஒரு காயலில், சேற்றில் யானைத்தந்தங்கள் நட்டதைப் போல வரிசையாக நின்ற குழாய்களுக்குள்ளிருந்து எடுக்கப்பட்ட அம்மட்டி, தன் குடும்பத்தாருள் எதற்கும் இல்லாத கருநிறத்தில் இருந்தது. செரிமான உறுப்புகள் சுருங்கிக் கிடந்தன. அது மரத்தை உண்பதில்லை. சேற்றிலிருந்து எழும் ஹைட்ரஜன் சல்ஃபைடு என்னும் அழுகிய முட்டை நாற்றமுள்ள வாயுவைச் செவுளிலுள்ள வேறொரு வகைப் பாக்டீரியாக்கள் ஆக்சிஜனேற்றம் செய்து, கிடைக்கும் ஆற்றலால் உணவாக்கி, அவ்வுணவால் மட்டியை வளர்க்கின்றன. மரத்தை உண்ட மூதாதையின் செவுளில் செல்லுலோசை உடைத்த பாக்டீரியாக்கள் இருந்த இடத்தில், காலப்போக்கில் கந்தகத்தைக் கையாளும் பாக்டீரியாக்கள் குடியேறியிருக்கவேண்டும் என்று ஆய்வாளர்கள் முடிவுசெய்தனர். கடலடியில் அழுகும் மரமே சல்ஃபைடைப் பெருக்குவது என்பதால், மரக்கட்டையே இம்மாற்றத்துக்குப் படிக்கட்டாக இருந்தது என்ற கருத்துக்கு இது வலுச்சேர்த்தது. குஃபஸ் கிடைத்த காயலும் ஒருகாலத்தில் வெட்டிய மரங்களை மிதக்கவிட்டுச் சேமிக்கும் குளமாகப் பயன்பட்டது.